ஒரே கேமை இரண்டு வீட்டில் ஆடுவது எப்படி: கன்சோல் பகிர்வுக்கு முழுமையான வழிகாட்டி

போன தீபாவளிக்குத் தம்பி திருநெல்வேலியில் சோனியின் பிளேஸ்டேஷன் 5 கேம் கன்சோல் வாங்கினான். வாங்கிய அன்று ராத்திரியே போன். "அண்ணா, உன்னோட கேம் எல்லாம் என் கன்சோல்லயும் வருமா?" வரும் என்றேன். அடுத்த வாரம் ஊருக்குப் போனபோது என் கணக்கை அவன் கன்சோலில் போட்டு, பகிர்வை இயக்கிவிட்டுச் சென்னைக்கு ரயில் ஏறினேன். மறுநாள் சாயங்காலம் மகள் பள்ளிவிட்டு வந்து கன்ட்ரோலரை எடுத்தாள். அவள் பாதி ஆடி வைத்திருந்த கேமின் படத்தின் மேல் சின்னதாக ஒரு பூட்டு.

"அப்பா, இதுல பூட்டு போட்டிருக்கு."

அந்தப் பூட்டு ஏன் வந்தது என்பது புரிந்துவிட்டால் கன்சோல் பகிர்வு முழுவதும் புரிந்துவிடும். எந்தப் பொத்தானை அழுத்த வேண்டும் என்பது இரண்டு நிமிட விஷயம். எந்தக் கன்சோலில் அழுத்த வேண்டும் என்பதில்தான் முக்கால்வாசிப் பேர் தடுமாறுகிறார்கள். அதனால் முதலில் அதைச் சொல்லிவிட்டு அப்புறம் படிகளுக்கு வருகிறேன்.

ஆள் உரிமை, வீட்டு உரிமை

டிஸ்க்கில் கேம் வாங்கினால் உரிமை டிஸ்க்கோடு போகிறது. யார் கையில் டிஸ்க் இருக்கிறதோ அவர் ஆடலாம். கன்சோலின் இணையக் கடையில் இருந்து டவுன்லோடு செய்யும் டிஜிட்டல் கேமில் கையில் பிடிக்க ஒன்றும் இல்லை. அதனால் நிறுவனங்கள் ஒரே கேமுக்கு இரண்டு வகையான உரிமையைக் கொடுக்கின்றன.

முதலாவது, வாங்கிய ஆளோடு போகும் உரிமை. உலகத்தில் எந்த பிளேஸ்டேஷனில் உங்கள் கணக்கைப் போட்டு நுழைந்தாலும் உங்கள் கேம் திறக்கும். ஆனால் இணையம் இருக்க வேண்டும், ஆடுவது உங்கள் கணக்காகவே இருக்க வேண்டும். இதை ஆள் உரிமை என்று வைத்துக்கொள்வோம்.

இரண்டாவது, ஒரு குறிப்பிட்ட இயந்திரத்தில் போய் உட்காரும் உரிமை. ஒரே ஒரு கன்சோலை நீங்கள் தேர்ந்தெடுக்கலாம். அந்தக் கன்சோலில் யார் தங்கள் சொந்தக் கணக்கில் நுழைந்தாலும் உங்கள் கேம்களை ஆடலாம். இணையம் இல்லாவிட்டாலும் ஆடலாம். இது வீட்டு உரிமை. பிளேஸ்டேஷன் 5-இல் இதற்குப் பெயர் 'கன்சோல் ஷேரிங் அண்ட் ஆஃப்லைன் ப்ளே'. பிளேஸ்டேஷன் 4-இல் 'பிரைமரி'. மைக்ரோசாஃப்டின் எக்ஸ்பாக்ஸ் கன்சோலில் 'மை ஹோம் எக்ஸ்பாக்ஸ்'. பெயர்தான் வேறு, சங்கதி ஒன்று.

இப்போது பூட்டுக்கு வருவோம். என் வீட்டு உரிமை அதுவரை சென்னையில் இருந்தது. அதனால்தான் மகள் தன் பெயரில் நுழைந்து என் கேம்களை ஆட முடிந்தது. நான் தம்பியின் கன்சோலில் பகிர்வை இயக்கிய அந்த நொடியில் உரிமை திருநெல்வேலிக்குப் போய்விட்டது. எனக்கு ஒன்றும் தெரியவில்லை, ஏனென்றால் ஆள் உரிமை என்னிடம் இருக்கிறது, என் கணக்கில் எல்லாம் வழக்கம்போலத் திறக்கிறது. மகளிடம் இரண்டில் எதுவும் இல்லை.

ஆகவே முதல் கேள்வி இதுதான்: உங்கள் கன்சோலில் உங்களைத் தவிர வேறு யாராவது சொந்தக் கணக்கில் ஆடுகிறார்களா? ஆடுகிறார்கள் என்றால் வீட்டு உரிமையை வெளியே கொடுக்காதீர்கள். பிள்ளையின் சேமிப்பு (எதுவரை ஆடியது என்ற பதிவு), பிள்ளையின் டிராஃபி (ஆட்டத்தில் கிடைக்கும் விருது) எல்லாம் பூட்டுக்குப் பின்னால் போய்விடும். தனியாக ஆடுபவர் என்றால் தாராளமாகக் கொடுக்கலாம்.

இன்னொரு நல்ல செய்தி. ஒரு கணக்குக்கு ஒரு பிளேஸ்டேஷன் 5, ஒரு பிளேஸ்டேஷன் 4 என்று தனித்தனியாக இரண்டு இடம் உண்டு. ஒன்றை மாற்றினால் மற்றது பாதிக்காது. என் பழைய பிஎஸ்4-ஐத் தம்பிக்குக் கொடுத்தபோது பிஎஸ்4 இடம் அங்கே, பிஎஸ்5 இடம் இங்கே என்று பல வருடம் எந்தத் தகராறும் இல்லாமல் ஓடியது. உங்கள் உறவினர் இன்னும் பிஎஸ்4 வைத்திருக்கிறார், உங்களிடம் பிஎஸ்5 இருக்கிறது என்றால் உங்களுக்கு யோசிக்கவே வேண்டாம். அந்தக் கேமுக்குப் பிஎஸ்4 பதிப்பு இருந்தால் போதும்.

ஏன் ஒரே ஒரு கன்சோல்?

பிளேஸ்டேஷன் 3 காலத்தில் ஒரு கணக்கை 5 கன்சோல்களில் இயக்கலாம். நண்பர்கள் ஐந்து பேர் சேர்ந்து காசு போட்டு ஒரு கேம் வாங்கி ஐந்து வீட்டில் ஆடினார்கள். 2011 நவம்பரில் சோனி அதை இரண்டாகக் குறைத்தது. பிஎஸ்4-இல் அது ஒன்றாயிற்று.

2013 மே மாதம் மைக்ரோசாஃப்ட் எக்ஸ்பாக்ஸ் ஒன்னை அறிவித்தபோது எதிர்த்திசையில் ஒரு திட்டம் வைத்தது. கன்சோல் 24 மணி நேரத்துக்கு ஒருமுறை இணையத்தில் வந்து தன்னைக் காட்ட வேண்டும், அதற்குப் பதிலாகக் குடும்பத்தினர் என்று 10 பேரோடு கேம்களைப் பகிரலாம். அந்த இணையக் கட்டாயத்துக்கும், பழைய டிஸ்க் விற்பதில் வந்த கட்டுப்பாட்டுக்கும் எதிர்ப்பு கிளம்பியது. அடுத்த மாதமே, ஜூனில், சோனி 22 விநாடியில் ஒரு வீடியோ விட்டது. பிஎஸ்4-இல் கேமைப் பகிர்வது எப்படி என்று காட்டும் வீடியோ. அதில் ஒருவர் டிஸ்க்கை இன்னொருவர் கையில் கொடுக்கிறார், அவ்வளவுதான். ஜூன் 19-ஆம் தேதி மைக்ரோசாஃப்ட் திட்டத்தை முழுவதுமாகக் கைவிட்டது. 10 பேர் பகிர்வும் அதோடு போயிற்று. இன்று நமக்கு இருக்கும் 'ஒரு வீடு, ஒரு ஆள்' ஏற்பாடு அந்தச் சண்டையில் மிஞ்சியது.

விதிமுறையையும் நேராகச் சொல்லிவிடுகிறேன். கணக்கின் பாஸ்வேர்டை அடுத்தவரிடம் கொடுக்கக் கூடாது என்றுதான் இந்த நிறுவனங்களின் ஒப்பந்தத்தில் இருக்கிறது. வீட்டு உரிமை என்பது ஒரே வீட்டில் இருப்பவர்களை மனதில் வைத்து வந்தது. அண்ணன் தம்பிக்குள், நெருங்கிய நண்பருக்குள் கணக்குக்காரர் தானே நேரில் வந்து தன் கையால் போட்டுக் கொடுப்பது பல வருடமாக நடந்துவரும் பழக்கம். பாஸ்வேர்டை வாட்ஸ்அப்பில் அனுப்புவது வேறு. அந்த இரண்டாவது வழிக்கு இந்தக் கட்டுரையில் இடம் இல்லை.

கிளம்புவதற்கு முன்

உங்கள் கணக்கு இன்னொரு வீட்டின் கன்சோலில் இருக்கப் போகிறது. அந்த வீட்டில் குழந்தைகள் இருப்பார்கள், விருந்தாளி வருவார்கள். அதனால் மூன்று காரியம்.

இரண்டு படிச் சரிபார்ப்பை இயக்குங்கள். புது இயந்திரத்தில் யார் நுழைந்தாலும் உங்கள் போனுக்குக் குறியீடு வந்தாக வேண்டும். அப்போது தரப்படும் பேக்கப் குறியீடுகளை ஒரு காகிதத்தில் எழுதி, ஆதார் அட்டை வைத்திருக்கும் ஃபைலில் வையுங்கள். போன் தொலைந்த அன்று அதுதான் கைகொடுக்கும்.

கணக்கில் சேமித்திருக்கும் கார்டை எடுத்துவிடுங்கள். வாங்கும் நேரத்தில் பாஸ்வேர்டு கேட்கும்படி வைக்கும் வசதியும் உண்டு, அதையும் போடுங்கள். ஆனால் கார்டே இல்லாவிட்டால் கவலையே இல்லை. நான் கேம் வாங்கும்போது மட்டும் வாலட் கார்டு (முன்பணம் ஏற்றும் கார்டு) வாங்கிப் போட்டுக்கொள்கிறேன். புதிய பெரிய கேம் ஒன்று 5,000 ரூபாயை ஒட்டி வரும் காலம் இது. ஆறு வயதுப் பிள்ளை ஒன்று தெரியாமல் எக்ஸ் பொத்தானை இரண்டு தடவை அழுத்தினால் அண்ணன் தம்பிக்குள் பேச்சு நின்றுவிடும்.

மூன்றாவது, நான்கு இலக்க லாகின் குறியீடு. உங்கள் கணக்கு அங்கே பட்டியலில் தெரியும், ஆனால் குறியீடு தெரியாமல் யாரும் உள்ளே போக முடியாது. செட்டிங்ஸ், யூசர்ஸ் அண்ட் அக்கவுன்ட்ஸ், லாகின் செட்டிங்ஸ் என்று போனால் கிடைக்கும். இதைத் தம்பியின் கன்சோலில் கணக்கைப் போட்ட பிறகுதான் செய்ய முடியும். மறந்துவிடுவோம், அதனால் இப்போதே சொல்கிறேன்.

பிளேஸ்டேஷன் 5: படிப்படியாக

கணக்குக்காரர் நீங்கள், பெறுபவர் தம்பி என்று வைத்துக்கொள்கிறேன். இடம் தம்பி வீட்டு ஹால்.

1. தம்பியின் கன்சோலில் புது யூசரைச் சேர்த்து உங்கள் கணக்கில் நுழையுங்கள். திரையில் ஒரு கியூஆர் கோடு வரும். போனில் உங்கள் கணக்கு இருந்தால் அதை ஸ்கேன் செய்தாலே போதும், கன்ட்ரோலரால் ஒவ்வொரு எழுத்தாகத் தேடி பாஸ்வேர்டு அடிக்க வேண்டாம், பக்கத்தில் இருப்பவர் பார்க்கவும் முடியாது.

2. செட்டிங்ஸ், அதில் யூசர்ஸ் அண்ட் அக்கவுன்ட்ஸ், அதில் அதர், அதில் கன்சோல் ஷேரிங் அண்ட் ஆஃப்லைன் ப்ளே. 'எனேபிள்' என்பதை அழுத்துங்கள். ஏற்கெனவே வேறு பிஎஸ்5-இல் இது இயங்கிக்கொண்டிருந்தால் அங்கே தானாக அணைந்துவிடும். என் வீட்டுப் பூட்டு விழுந்த இடம் இதுதான். ஒரு நிமிடம் நிறுத்தி, உங்கள் வீட்டில் யார் யார் ஆடுகிறார்கள் என்று மறுபடி நினைத்துப் பார்த்துவிட்டு அழுத்துங்கள்.

3. உங்கள் கணக்கில் இருந்தபடியே கேம் லைப்ரரிக்குப் போய், தம்பி கேட்கும் கேம்களை டவுன்லோடில் போடுங்கள். எல்லாவற்றையும் போட ஆசை வரும். முதலில் வந்த பிஎஸ்5-இல் 825 ஜிபி என்று எழுதியிருந்தாலும் நமக்குக் கிடைப்பது 667 ஜிபிதான். பெரிய கேம் ஒவ்வொன்றும் 100 ஜிபியைத் தொடுகிறது. இரண்டு மூன்று போதும்.

4. டவுன்லோடு முடிந்ததும் தம்பி தன் சொந்தக் கணக்கில் நுழைந்து அந்தக் கேமைத் திறக்கட்டும். திறந்தால் வேலை முடிந்தது. இனி அவன் ஆட்டம், அவன் சேமிப்பு, அவன் டிராஃபி எல்லாம் அவன் பெயரில். உங்கள் கணக்கை அவன் தொடவே வேண்டியதில்லை.

5. லாகின் குறியீட்டைப் போட்டுவிட்டு வெளியே வாருங்கள். உங்கள் யூசரை அந்தக் கன்சோலில் இருந்து நீக்காதீர்கள். லாக் அவுட் செய்தால் போதும்.

பிஎஸ்4 என்றால் பாதை கொஞ்சம் வேறு. செட்டிங்ஸ், அக்கவுன்ட் மேனேஜ்மென்ட், ஆக்டிவேட் ஆஸ் யுவர் பிரைமரி பிஎஸ்4. இங்கே ஒரு முக்கிய வித்தியாசம்: முன்பு பிரைமரியாக இருந்த பிஎஸ்4-இல் முதலில் 'டீஆக்டிவேட்' செய்துவிட்டு வர வேண்டும், பிஎஸ்5 போலத் தானாக மாறாது.

பிளேஸ்டேஷன் பிளஸ் சந்தா உங்களிடம் இருந்தால் அதுவும் அந்தக் கன்சோலில் பகிரப்படும். தம்பி தன் கணக்கிலேயே ஆன்லைனில் மற்றவர்களோடு ஆடலாம், மாதாமாதம் சந்தாவில் வரும் கேம்களையும் ஆடலாம். கிளவுட் சேமிப்பு, அதாவது ஆட்டப் பதிவை இணையத்தில் வைக்கும் வசதி, மட்டும் வராது. அது சந்தாக்காரருக்கு மட்டும்.

குறுக்குப் பகிர்வு

இரண்டு பேருமே தனியாக ஆடுபவர்கள், இருவரிடமும் பிஎஸ்5 இருக்கிறது என்றால் அருமையான வழி ஒன்று உண்டு. நீங்கள் உங்கள் வீட்டு உரிமையை நண்பரின் கன்சோலில் வையுங்கள். நண்பர் தன் வீட்டு உரிமையை உங்கள் கன்சோலில் வைக்கட்டும். உங்கள் கேம்களை உங்கள் கன்சோலில் ஆள் உரிமையால் ஆடுவீர்கள், நண்பரின் கேம்களை வீட்டு உரிமையால் ஆடுவீர்கள். அவருக்கும் அப்படியே. ஒருவர் வாங்கினால் இருவருக்கும் கிடைத்த மாதிரி. ஒரே கேமை ஒரே நேரத்தில், ஒருவரோடு ஒருவர் சேர்ந்துகூட ஆடலாம். கோயம்புத்தூரிலும் ஓசூரிலும் இருக்கும் என் அலுவலக நண்பர்கள் இருவர் இப்படித்தான் முறைவைத்து வாங்குகிறார்கள். ஃபுட்பால் கேம் இவர் வாங்கினால் அடுத்து வரும் கதை கேம் அவர் பொறுப்பு.

இதில் ஒரு விசித்திரம் இருக்கிறது. இணையம் போய்விட்டால் உங்கள் கன்சோலில் நண்பர் வாங்கிய கேம்கள் ஆடும், நீங்கள் காசு கொடுத்து வாங்கியவை ஆடாது. வீட்டு உரிமைக்கு இணையம் தேவையில்லை, ஆள் உரிமைக்குத் தேவை. கரண்ட் போய் இன்வெர்ட்டரில் டிவியும் கன்சோலும் ஓடினாலும், வெளியே இணைய இணைப்பு செத்துக்கிடந்தால் இதே நிலைதான்.

நம் ஊரில் கேபிள் அறுந்தால்தான் இப்படி என்று நினைக்க வேண்டாம். 2025 பிப்ரவரி 7, 8 தேதிகளில் பிளேஸ்டேஷன் நெட்வொர்க்கே கிட்டத்தட்ட ஒரு நாள் முழுக்கப் படுத்துவிட்டது. வீட்டு உரிமையைச் சொந்தக் கன்சோலிலேயே வைத்திருந்தவர்கள் தனி ஆட்டங்களை ஆடிக்கொண்டிருந்தார்கள். 2011 ஏப்ரலில் நடந்தது இன்னும் பெரிது. ஊடுருவலுக்குப் பின் மூன்று வாரத்துக்கு மேல் நெட்வொர்க் மூடிக் கிடந்தது, 7 கோடியே 70 லட்சம் கணக்குகளின் விவரம் பாதிக்கப்பட்டது. ஆகவே இணையம் சரியில்லாத ஊரில் இருப்பவரா நீங்கள்? உங்களுக்கு மிகவும் பிடித்த ஓரிரண்டு கேமை டிஸ்க்கில் வைத்துக்கொள்ளுங்கள்.

எது வராது

கேமுக்குள் வாங்கும் காசு, நாணயம், புள்ளி எல்லாம் வாங்கிய கணக்குக்கு மட்டும்தான். ஆட ஆடப் பரிசுகளைத் திறக்கும் பேட்டில் பாஸும் அப்படியே. கூடுதல் அத்தியாயங்கள் பெரும்பாலும் பகிரப்படும், ஆனால் அதில் நாட்டுப் பிரச்சினை ஒன்று உண்டு. கேம் எந்த நாட்டுக் கடையில் வாங்கியதோ, கூடுதல் அத்தியாயமும் அதே பிராந்தியத்தில் வாங்கியதாக இருக்க வேண்டும். டொரன்டோவில் இருக்கும் அக்கா கனடாக் கணக்கில் கேம் வாங்கி உங்களோடு பகிர்கிறார், நீங்கள் இந்தியக் கடையில் அதன் கூடுதல் அத்தியாயத்தை வாங்குகிறீர்கள் என்றால் இரண்டும் ஒட்டாமல் போக வாய்ப்பு அதிகம். பிளேஸ்டேஷன் கணக்கின் நாட்டைப் பிறகு மாற்றவும் முடியாது. அக்கா வழியாகக் கேம் வந்தால் அதன் கூடுதலும் அக்கா வழியாகவே வரட்டும்.

டிஸ்க்கில் வாங்கிய கேம் பகிரப்படாது. டிஸ்க்கில் இருந்து கன்சோலில் ஏற்றியிருந்தாலும் ஆடும்போது டிஸ்க் உள்ளே இருந்தாக வேண்டும். அப்புறம் சேமிப்பு. பிஎஸ்5 கேம்களின் சேமிப்பைப் பென் டிரைவில் நகல் எடுக்க முடியாது, கிளவுட் வழியாகத்தான். பிஎஸ்4 சேமிப்புக்குப் பென் டிரைவ் போதும்.

'ஸ்லாட்' விற்பவர்களிடம் போகாதீர்கள்

இதைக் கொஞ்சம் அழுத்திச் சொல்ல வேண்டும். புதுக் கேமைக் கால் விலைக்குத் தருகிறோம், பிரைமரி இத்தனை ரூபாய், செகண்டரி இத்தனை ரூபாய் என்று குழுக்களில் விளம்பரம் வரும். அவர்கள் விற்பது கேம் இல்லை. ஒரு கணக்கில் கேமை வாங்கி, அதன் வீட்டு உரிமையை ஒருவருக்கும் ஆள் உரிமையை இன்னொருவருக்கும் பிரித்து விற்கிறார்கள்.

என் சித்தப்பா மகன் அப்படி ஒருவரிடம் 1,200 ரூபாய் கொடுத்து ஒரு கேம் எடுத்தான். மூன்று வாரம் நன்றாக ஓடியது. நாலாவது வாரம் பூட்டு. விற்றவர் அதே இடத்தை வேறொருவருக்கு விற்றுவிட்டார், இவனுடையது தானாக அணைந்துவிட்டது. நம்பரில் பதில் இல்லை. எங்கே போய்ப் புகார் செய்வது? கணக்கு இவன் பெயரில் இல்லை, வாங்கியதற்கு ரசீது இல்லை. அவன் அன்று போனில் பேசிய குரல் இன்னும் காதில் இருக்கிறது. பணம் போனதைவிட, எண்பது மணி நேரம் ஆடிய ஆட்டம் பாதியில் நின்றதுதான் அவனுக்கு வலித்தது. சேமிப்பு அவனிடமே இருக்கிறது, திறக்கத்தான் கேம் இல்லை.

அந்தக் கணக்குகளில் சில திருட்டுக் கார்டில் வாங்கியவையாகவும் இருக்கலாம். அப்படிப்பட்ட கணக்கு முடக்கப்பட்டால் அதை நம்பியிருந்த எல்லாரும் வெளியே. முகம் தெரிந்தவரோடு மட்டும் பகிருங்கள்.

முகம் தெரிந்தவர் என்றாலும் ஒரு விதி வைத்துக்கொள்ளுங்கள். உங்கள் கணக்கில் நுழைந்து அவர் ஆன்லைன் ஆட வேண்டாம். அங்கே யாரையாவது திட்டினாலோ ஏமாற்று மென்பொருள் போட்டாலோ தடை விழுவது உங்கள் கணக்குக்கு.

எக்ஸ்பாக்ஸ்

ஏற்பாடு அதேதான், சீக்கிரம் சொல்லிவிடுகிறேன். பெறுபவரின் எக்ஸ்பாக்ஸில் உங்கள் கணக்கில் நுழைந்து செட்டிங்ஸ், ஜெனரல், பர்சனலைசேஷன், மை ஹோம் எக்ஸ்பாக்ஸ் என்று போய் இயக்குங்கள். கேம் பாஸ் சந்தாவும் அந்தக் கன்சோலில் எல்லாருக்கும் கிடைக்கும். ஒரு சந்தாவில் இரண்டு வீடு என்பதால் குறுக்குப் பகிர்வுக்கு இங்கே பலன் இன்னும் அதிகம். ஒருவர் கேம் பாஸ் கட்டினால் மற்றவர் அந்தப் பணத்தில் தனியாக விற்கும் கேம்களை வாங்கலாம்.

கவனிக்க வேண்டியது இரண்டு. ஹோம் எக்ஸ்பாக்ஸை ஒரு வருடத்தில் 5 முறைதான் மாற்றலாம், ஆகவே 'போட்டுப் பார்ப்போம்' என்று மாற்றி மாற்றி விளையாடாதீர்கள். எக்ஸ்பாக்ஸ் ஒன், சீரிஸ் எக்ஸ், சீரிஸ் எஸ் எல்லாம் சேர்த்து ஒரே ஒரு ஹோம்தான். பிளேஸ்டேஷன் போலப் பழையதற்கு ஒன்று புதியதற்கு ஒன்று கிடையாது.

நின்டென்டோ ஸ்விட்ச்

நின்டென்டோ வேறு வழியில் போய்விட்டது. 2025 ஏப்ரல் கடைசியில் வந்த 20.0.0 அப்டேட்டில் டிஜிட்டல் கேம்களை 'வர்ச்சுவல் கேம் கார்டு' ஆக்கினார்கள். கையில் இருக்கும் கார்ட்ரிட்ஜ் போலவே, ஒரு கன்சோலில் இருந்து எடுத்து இன்னொன்றில் போடலாம். எடுத்த இடத்தில் ஆட முடியாது. ஒரு கணக்கை இரண்டு ஸ்விட்சில் இணைத்துக்கொள்ளலாம், முதல் தடவை இரண்டையும் பக்கத்தில் வைத்து ஜோடி சேர்க்க வேண்டும், அப்புறம் இணையம் வழியாகவே மாற்றலாம்.

கடன் கொடுக்க வேண்டுமானால் பெறுபவர் உங்கள் நின்டென்டோ குடும்பக் குழுவில் இருக்க வேண்டும். குழுவில் 8 பேர் வரை இருக்கலாம். இரண்டு கன்சோலும் அருகருகே இருக்கும்போது கேமைக் கொடுக்கிறீர்கள், 2 வாரம் கழித்துத் தானாக உங்களிடம் திரும்பி வந்துவிடும். அந்த இரண்டு வாரம் உங்களால் ஆட முடியாது. கடன் வாங்கியவரின் சேமிப்பு அவரிடமே இருக்கும், மறுபடி வாங்கினால் விட்ட இடத்தில் தொடரலாம். ஒரே கேமை இருவர் ஒரே நேரத்தில் ஆட நினைப்பவர்களுக்கு இது ஏமாற்றம்தான். ஆனால் பிள்ளைகளுக்குள் கொடுக்கல் வாங்கல் என்றால் எனக்கு இது மிகவும் பிடித்திருக்கிறது. "ரெண்டு வாரம் உனக்கு, அப்புறம் எனக்கு" என்பதைக் கன்சோலே பார்த்துக்கொள்கிறது, அம்மா நடுவில் பஞ்சாயத்துக்கு வர வேண்டாம்.

ஸ்விட்ச் 2-இல் 'கேம் ஷேர்' என்று இன்னொன்றும் உண்டு. ஒருவரிடம் கேம் இருந்தால் பக்கத்தில் இருக்கும் மற்ற மூன்று பேர் வரை சேர்ந்து ஆடலாம். அதை ஆதரிக்கும் கேம்களில் மட்டும்.

பூட்டு வந்தால், உறவு முறிந்தால், கன்சோலை விற்றால்

பகிர்வு சரியாக இருந்தும் பூட்டு தெரிகிறதா? முதலில் கணக்குக்காரரிடம் போன் போட்டு, வேறு எங்காவது மாற்றினாரா என்று கேளுங்கள். இல்லை என்றால் அவர் கணக்கில் நுழைந்து, பிஎஸ்5-இல் அதே 'அதர்' பட்டியலில் இருக்கும் 'ரீஸ்டோர் லைசன்சஸ்' அழுத்த வேண்டும். பிஎஸ்4-இல் அது அக்கவுன்ட் மேனேஜ்மென்டுக்குள் இருக்கிறது. பெரும்பாலும் அதில் சரியாகிவிடும். சந்தாவில் வந்த கேம் என்றால் சந்தா முடிந்திருக்கிறதா என்றும் பாருங்கள்.

நண்பரோடு பிணக்கு, கன்சோல் திருட்டு, தொடர்பு இல்லை என்றால் நேரில் போக வேண்டாம். பிஎஸ்5 உங்களிடம் இருந்தால் உங்கள் கன்சோலில் பகிர்வை 'எனேபிள்' செய்தாலே உரிமை திரும்பி வந்துவிடும். கன்சோல் கையில் இல்லை என்றால் பிளேஸ்டேஷன் இணையதளத்தில் கணக்கு நிர்வாகத்துக்குள் டிவைஸ் மேனேஜ்மென்ட் சென்று எல்லா இயந்திரங்களையும் ஒரேயடியாக டீஆக்டிவேட் செய்யலாம். இதை 6 மாதத்துக்கு ஒருமுறைதான் செய்ய முடியும், அதனால் உண்மையான அவசரத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள். கையோடு பாஸ்வேர்டை மாற்றி, எல்லா இயந்திரத்திலும் இருந்து வெளியேறும் தேர்வையும் போடுங்கள். வெறும் பாஸ்வேர்டை மாற்றினால் வீட்டு உரிமை போகாது.

பழைய கன்சோலை விற்கும்போது முதலில் பகிர்வை அணையுங்கள் அல்லது பிரைமரியை டீஆக்டிவேட் செய்யுங்கள், அதன் பிறகே முழுவதும் அழியுங்கள். குறிப்பாகப் பிஎஸ்4-இல். அணைக்காமல் விற்றால் உங்கள் இடம் யாரோ முகம் தெரியாதவர் வீட்டில் மாட்டிக்கொள்ளும், மீட்க அந்த ஆறு மாத வாய்ப்பைச் செலவழிக்க வேண்டிவரும்.

என் வீட்டு விஷயம் என்ன ஆயிற்று என்றால், அன்று சாயங்காலமே என் பிஎஸ்5-இல் 'எனேபிள்' அழுத்தினேன். மகளின் பூட்டு போய்விட்டது, திருநெல்வேலியில் பூட்டு விழுந்தது. தம்பியிடம் போனில் சொன்னேன். "பாப்பா ஆடட்டும்ணா, நான் பெரியவன்தானே" என்றான். இப்போது பெரிய கதை கேம்களை நாங்கள் டிஸ்க்கில் வாங்குகிறோம். நான் முடித்ததும் துணிக்கடைப் பையில் சுற்றி, ஆம்னி பஸ் பார்சலில் போட்டால் மறுநாள் காலை அவன் கையில். போன வாரம் அவன் அனுப்பியது வந்தது. டிஸ்க்கோடு ஒரு பொட்டலம் அல்வாவும் இருந்தது.